கோவில் பக்கத்து ஐயரம்மா

1989-ம் வருஷம் ஜூன் மாதம். எனக்கு முப்பத்தெட்டு வயது, கல்யாணம் ஆகவில்லை. மாதத்தில் ஐந்து நாள் இருக்க வேண்டியது இருபது நாளாகியிருந்தது. தாம்பரத்தில் பெண்கள் பெட்டியில் ஏறினால் எழும்பூர் வரைக்கும் உட்கார மாட்டேன். உட்கார்ந்து எழுந்தால் புடவையில் கறை தெரியுமோ என்ற பயம். நின்றுகொண்டே போவேன், கைப்பையைப் பின்பக்கம் தொங்கவிட்டபடி. "சீட் காலியா கீதே, குந்தேம்மா" என்று யாராவது சொன்னால், "இறங்கப் போறேன்" என்பேன். இறங்குவதற்கு இன்னும் பத்து ஸ்டேஷன் இருக்கும்.

சகோதரிகளே, பெண்கள் ஐக்கியக் கூட்டத்தில் சாட்சி சொல்லும்படி இரண்டு முறை என்னைக் கேட்டீர்கள். இரண்டு முறையும் தொண்டை கட்டியிருக்கிறது என்றேன். அது பொய். இந்த விஷயத்தை வாயால் சொல்ல எனக்கு வராது. எழுதித் தருகிறேன். யாராவது வாசியுங்கள். நான் ஒரு பத்திரிகையில் புரூஃப் ரீடராக இருந்தவள் என்பது உங்களுக்குத் தெரியும். அடுத்தவர் எழுதியதில் தப்பு கண்டுபிடிப்பதுதான் என் பிழைப்பு. ஆகவே நடந்ததை நடந்த மாதிரியே எழுதுகிறேன்.

டாக்டரம்மா சுருக்கமாகச் சொன்னார். "கர்ப்பப்பையில கட்டி. எடுத்துடணும். உடம்புல ரத்தமே இல்ல, இன்னும் தள்ளிப் போட்டா நடந்து வர மாட்டே, தூக்கிட்டுத்தான் வரணும்." சேர வேண்டிய நாளைக் குறித்துக் கொடுத்தார்.

அந்தத் திங்கட்கிழமை இரண்டு புடவை, ஒரு போர்வை, வேதாகமம், தட்டு, டம்ளர் எல்லாம் எடுத்துக்கொண்டு போனேன். வார்டு நர்ஸ் சீட்டைப் பார்த்துவிட்டு என் முதுகுக்குப் பின்னால் பார்த்தார்.

"கூட வந்த லேடி எங்க?"

"யாரும் வரல."

"வூட்ல வேற யாரும்மா?"

"நான்தான்."

அவர் கெட்டவர் இல்லை. கையெழுத்துப் போட ஒருவர் வேண்டும், மயக்கம் தெளியும்போது பக்கத்தில் ஒரு பெண் வேண்டும், வார்டில் அறுபது பேருக்கு இரண்டு பேர்தான் வேலை பார்க்கிறார்கள் என்று விளக்கினார். சீட்டின் பின்னால் அடுத்த திங்கட்கிழமையைக் குறித்து, ஒரு வரி எழுதிக் கொடுத்தார்.

பதினொரு மணி வண்டியில் திரும்பினேன். பெண்கள் பெட்டியில் நான் ஒருத்திதான். அன்றைக்குத்தான் உட்கார்ந்தேன். சீட்டைத் திருப்பிப் பார்த்தேன். 'துனையுடன் வரவும்' என்று எழுதியிருந்தது. பேனாவை எடுத்துத் 'துணையுடன்' என்று திருத்தினேன். செய்வதற்கு வேறு எதுவும் இருக்கவில்லை.

எனக்கு ஒரே ஒரு அண்ணன், வடக்கே ஒரு தொழிற்சாலையில். அவனுக்கு ஏற்கெனவே எழுதியிருந்தேன். லீவு இல்லை, பிள்ளைகளுக்குப் பரீட்சை, முடிந்தால் ஆகஸ்டுக்குத் தள்ளிப் போடு என்று இன்லாண்டு லெட்டர் வந்தது. அம்மா இறந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. ஆபீசில் எங்கள் பிரிவில் எட்டுப் பேரும் ஆண்கள். வயிற்றில் கட்டி என்று மட்டும் சொல்லி லீவு வாங்கினேன்.

நம் சபை இருந்ததே என்று நீங்கள் கேட்பீர்கள். இருந்தது. ஜெபப் பெட்டியில் ஒரு சீட்டும் போட்டிருந்தேன். 'ஒரு சகோதரியின் அறுவைச் சிகிச்சைக்காக' என்று எழுதினேன். பேர் எழுதவில்லை. கல்யாணமாகாதவளுக்குக் கர்ப்பப்பையில் என்ன வந்தது என்று யாராவது ஒருவர் மனதில் நினைத்தாலும் போதும், எனக்குத் தாங்காது. ஆராதனையில் போதகர் ஐயர் அதை வாசித்து ஜெபித்தார். என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த கமலா டீச்சர் என் காதில், "யாருடி அது, நம்ம சபையா?" என்றார். "தெரியலையே டீச்சர்" என்றேன். ஜெபம் முடிந்ததும் எல்லோரையும்விட நான்தான் உரக்க ஆமென் சொன்னேன். எனக்காக நூறு பேர் ஜெபித்தார்கள். அந்த நூறு பேர் நடுவில் நான் என்னைத் தெரியாதவளாக நின்றேன். அந்த மாதிரித் தனிமையை அதற்கு முன்னாலும் பின்னாலும் நான் அறிந்ததில்லை.

வியாழக்கிழமை காலை குளியலறையில் மயங்கி விழுந்தேன். விழித்தபோது குழாய் ஓடிக்கொண்டிருந்தது. எவ்வளவு நேரம் கிடந்தேன் என்று தெரியாது. அதன் பிறகுதான் கடிதம் எழுத உட்கார்ந்தேன். ஐயரம்மாவுக்கு. போதகரின் மனைவியை நாம் அப்படித்தானே கூப்பிடுகிறோம்.

'கர்த்தருக்குள் அன்பான ஐயரம்மா, வருகிற திங்கட்கிழமை காலை எட்டு மணிக்கு எனக்கு ஆஸ்பத்திரியில் அட்மிஷன். கர்ப்பப்பையை எடுக்கிறார்கள். கூட ஒரு பெண் இருந்தால்தான் சேர்த்துக்கொள்வார்கள். எனக்கு யாரும் இல்லை. தயவுசெய்து இது வேறு யாருக்கும் தெரிய வேண்டாம்.' கீழே ஆஸ்பத்திரி, வார்டு, என் பெயர். கடைசியாக 'நீங்கள் வருவீர்களா?' என்று எழுதியிருந்தேன். வாசித்துப் பார்த்தபோது அது அதிகப்படியாகத் தோன்றியது. மேலே சொன்னதிலேயே எல்லாம் இருக்கிறதே என்று அதைக் குறுக்குக் கோடு போட்டு அடித்தேன். அது பத்திரிகைப் பழக்கம் என்று அப்போது நினைத்தேன். அது பெருமை. கேட்பதற்கு எனக்கு வாய் வராது.

சாயங்காலம் பூக்காரி கன்னியம்மா வந்தாள். தாம்பரத்தை ஒட்டிய எங்கள் சேலையூரில் நாலு தெருவுக்கும் அவள்தான் பூ.

"இன்னா பேப்பரம்மா, மூஞ்சி சுண்ணாம்பு கணக்கா கீது?"

"ஒண்ணுமில்ல. இந்த லெட்டரை ஐயரம்மா கையில குடுத்துடுவியா?"

"எந்த ஐயரம்மா?"

"கோவிலுக்குப் பக்கத்து வீடு. வேற யார் கையிலயும் குடுக்காதே."

"அட, தெனம் பூ குடுக்கற வூடு, எனுக்குத் தெரியாதா? நீ போயி படு" என்று கடிதத்தை இடுப்பில் செருகிக்கொண்டு போனாள்.

வெள்ளிக்கிழமை ஐயரம்மா வரவில்லை. சனிக்கிழமையும் வரவில்லை. கதவைத் தாழிடாமல் வைத்திருந்தேன். ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து வாசலில் ஐயரம்மா என் கையைப் பிடித்துக் குலுக்கினார். "ஞானம், புதன்கிழமை கூட்டத்துல வேத பாடம் நீதான், மறந்துடாதே" என்றார். சிரித்தார். அடுத்தவரிடம் திரும்பிவிட்டார்.

புதன்கிழமைதான் எனக்கு ஆபரேஷன். கடிதத்தை வாசித்துவிட்டுத் தெரியாதது போல நடிக்கிறார் என்றே எடுத்துக்கொண்டேன். 'லெட்டர் கிடைச்சுதா?' என்று இரண்டு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. வீடு வரைக்கும் அவரை மனதில் தண்டித்துக்கொண்டே நடந்தேன்.

அன்று மத்தியானம் தரையில் பாய் போட்டுப் படுத்தபடி ஜெபித்தேன். முழங்கால் போட முடியவில்லை. சுகம் கேட்கவில்லை. உயிரைக்கூடக் கேட்கவில்லை. "ஆண்டவரே, பக்கத்தில் உட்கார ஒரு ஆள். ஒரே ஒரு ஆள். யாராக இருந்தாலும் சரி." இவ்வளவுதான் என் ஜெபம். அதற்கு மேல் அழுகைதான்.

திங்கட்கிழமை அதே பையோடு போனேன். திருப்பி அனுப்புவார்கள் என்று தெரிந்தேதான் போனேன். அதே நர்ஸ் சீட்டில் இருந்த என் பெயரை உரக்க வாசித்தார். "இன்னிக்காவது ஆள் கூட்டியாந்தியா?" என்றார்.

நான் இல்லை என்று சொல்வதற்குள், பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஒரு அம்மாள் எழுந்தார். ஐம்பத்தைந்து வயது இருக்கும். வெளிறிய நூல் புடவை, நெற்றியில் விபூதி, ஒரு கையில் கூஜா, இன்னொரு கையில் துணிப்பை. கழுத்தில் தாலி இல்லை.

"ஞானசெல்வின்னா இவதானே? நான் வந்திருக்கேன். எங்கே கையெழுத்துப் போடணும்?"

நர்ஸ் படிவத்தில் மதம் என்ற இடத்தைப் பார்த்தார். அந்த அம்மாளின் நெற்றியைப் பார்த்தார். "நீங்க இன்னா ஒறவு?"

"சித்தி" என்றார் அந்த அம்மாள், கண் சிமிட்டாமல்.

அவரை நான் அதற்கு முன் பார்த்ததே இல்லை. பேர் விசாலம். எங்களுக்கு இரண்டு தெரு தள்ளி, பிள்ளையார் கோவிலை ஒட்டிய வீடு. கணவர் இறந்து ஆறு வருஷம். ஒரே மகன் நாக்பூரில். அவரும் தனி ஆள்தான்.

படுக்கையில் உட்கார்ந்த பிறகுதான் எனக்கு விளங்கியது. சர்ச் கட்டடத்தை நாம் கோவில் என்கிறோம், போதகர் மனைவியை ஐயரம்மா என்கிறோம். கன்னியம்மாவுக்குக் கோவில் என்றால் பிள்ளையார் கோவில். ஐயரம்மா என்றால் பிராமண வீட்டம்மா. இரண்டு வார்த்தை சொன்னேன், இரண்டும் வேறு வீட்டுக்குப் போய்விட்டன. பதினான்கு வருஷம் ஒற்றெழுத்துக்குக்கூடச் சண்டை போட்டவள் நான்.

"மாமி, அந்த லெட்டர் உங்களுக்கு எழுதினது இல்ல" என்றேன். சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது.

"அது முதல் வரியிலேயே தெரிஞ்சுடுத்து. கர்த்தருக்குள் அன்பானன்னு எனக்கு யார் எழுதப் போறா?"

"பின்ன ஏன் வந்தீங்க?"

"பூக்காரிகிட்டத் திருப்பிக் குடுக்கலாம்னுதான் நினைச்சேன். அதுக்குள்ள படிச்சுத் தொலைச்சுட்டேனே. வேற யாருக்கும் தெரிய வேண்டாம்னு எழுதியிருக்கே. தெரிஞ்சவ நான் ஒருத்தி ஆயிட்டேன். இன்னொருத்திக்கு எதுக்குத் தெரியணும்?" கூஜாவைத் திறந்து தண்ணீர் ஊற்றிக் கொடுத்தார். "அப்புறம், கீழே ஒரு வரி அடிச்சிருந்தியே. அதையும் படிச்சேன். வருவீர்களான்னு கேட்டிருந்தே. கேட்டா வரணுமோல்லியோ?"

நான் போர்வையை முகத்துக்கு இழுத்துக்கொண்டேன்.

புதன்கிழமை ஆபரேஷன் நடந்தது. மயக்கம் தெளிந்தபோது என் வலது கையை யாரோ பிடித்திருந்தார்கள். மாமி அவருடைய ஸ்லோகத்தை உதட்டுக்குள் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கு ஸ்தோத்திரம் என்ற ஒரு வார்த்தைதான் வந்தது.

பதினொரு நாள் இருந்தேன். மாமி வார்டில் சாப்பிட மாட்டார். மத்தியானம் வண்டியேறிச் சேலையூர் போய், குளித்து, சமைத்துச் சாப்பிட்டு, விளக்கு வைப்பதற்குள் திரும்பி வருவார். என் துணிகளை அவர்தான் அலசினார். எந்தத் துணிகள் என்று பெண்களாகிய உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. நான் வேண்டாம் என்று அழுதேன். குழாயடியில் நின்றுகொண்டே சொன்னார்: "எங்காத்துல மாசம் மூணு நாள் என்னைக் கொல்லைப்பக்கம் உட்கார வெச்சா. என் நிழல் பட்டாலும் தீட்டும்பா. நாப்பது வருஷம் அப்படி உட்கார்ந்தவ நான். யாராவது கிட்ட வந்து உட்கார மாட்டாளான்னு இருக்கும். நீ சும்மா இரு." சோப்பை இன்னும் கொஞ்சம் அழுத்தித் தேய்த்தார்.

கன்னியம்மா ஒரு நாள் மல்லிகைப் பூவோடு வந்தாள். நடந்த குழப்பத்தைச் சொன்னேன்.

"ஐயரம்மான்னு சொன்ன, சாமி படத்துக்கு தெனம் பூ வாங்கற ஐயரம்மாகிட்ட குட்த்தேன். இன்னா தப்புன்றே? உங்க சர்ச் அம்மா தலையில பூவே வெக்காது. நான் எதுக்கு அந்த வாசப்படி மிதிக்கப் போறேன்?"

சிரித்துச் சிரித்து மாமிக்குப் புரையேறிவிட்டது.

வீடு திரும்பிய அடுத்த வாரம் ஐயரம்மாவிடம் போய் எல்லாவற்றையும் சொன்னேன். மூன்று நாள் அவரைத் தப்பாக நினைத்ததையும் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். "ஜெபச் சீட்டுல இருந்த அந்தச் சகோதரி நீயா?" என்றார். பிறகு, "பக்கத்துல நின்னுட்டே இருந்தியே, ஞானம்" என்றார். அதற்குப் பதிலாக அவர் என்னைத் திட்டியிருக்கலாம்.

விசுவாசியல்லாத ஒருவர் மூலமாகவா ஆண்டவர் பதில் கொடுப்பார் என்று பின்னாளில் நம்மில் சிலர் கேட்டார்கள். தன் அம்பாள் அனுப்பினாள் என்று மாமி சொன்னார். என் ஆண்டவர் அனுப்பினார் என்று நான் சொல்கிறேன். இதைப் பற்றி நாங்கள் இருவரும் ஒரு தடவைகூட வாதாடவில்லை. யாராக இருந்தாலும் சரி என்று ஜெபித்தவள் நான். அந்த வார்த்தையை ஆண்டவர் அப்படியே எடுத்துக்கொண்டார். இதுதான் என் விசுவாசம்.

1993-ல் மாமி மகனோடு நாக்பூருக்குப் போய்விட்டார். மாதம் ஒரு கடிதம் வரும். இரண்டு வருஷம் கழித்து வேறு கையெழுத்தில் ஒரு கார்டு வந்தது, மேலே கறுப்பு மை தடவி. அதை வாசித்த அன்று வீட்டில் நான் மட்டும்தான்.

இன்றும் தனியாகத்தான் இருக்கிறேன். ஆண்டவர் அதை மாற்றவில்லை. சில சாயங்காலங்களில் பேச்சுக் குரலுக்காக ரேடியோவைப் போட்டு வைக்கிறேன். இதை மறைத்தால் என் சாட்சி முழுசாகாது. ஆனால் இந்த ஏழு வருஷத்தில் பதினேழு பெண்களோடு ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கிறேன். பல்லாவரத்து ஜமீலா, படப்பையிலிருந்து வந்த செங்கல் சூளைப் பெண் ஒருத்தி, நம் சபையிலேயே மூன்று பேர். சித்தி என்றும் அக்கா என்றும் கையெழுத்துப் போட்டிருக்கிறேன். அந்த நேரங்களில் ஆண்டவர் எனக்கும் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறார்.

இதைக் கேட்டுக்கொண்டிருக்கிறவர்களில் ஒருத்தி, யாரிடமும் சொல்லாமல் ஒரு நாளைக் குறித்து வைத்திருக்கலாம். சகோதரி, ஜெபம் பண்ணுங்கள், அவர் கேட்கிறார். ஜெபம் பண்ணிவிட்டு வாயைத் திறந்து ஒருவரிடம் கேளுங்கள். கூட்டம் முடிந்ததும் நான் இடது பக்க வாசலில், செருப்பு விடுகிற இடத்தில் நிற்பேன். என்ன வியாதி என்று சொல்ல வேண்டாம். எந்த ஆஸ்பத்திரி, எத்தனை மணிக்கு என்று மட்டும் சொல்லுங்கள். வருகிறேன்.