நானாவின் வாய்

அசுகுரோமில் ஊர்த்தலைவரை நானா என்பார்கள். சபையில் நானா யாரோடும் நேராகப் பேசமாட்டார், அவரிடமும் யாரும் நேராகப் பேசக்கூடாது. நடுவில் தங்கத்தாள் ஒட்டிய கோலோடு ஓர் ஆள் நிற்பான். நானா தன் காதில் முணுமுணுக்கும் சொல்லுக்கு நகை பூட்டி, பட்டு உடுத்தி ஊருக்குச் சொல்வது அவன் வேலை. இரண்டு நானாக்களின் காலமாக அந்த வாய் யாவ் மாஃபோவுடையது.

ஆள் ஒல்லி. காலையில் கோகோ தோட்டத்தில் களை வெட்டுவான், மதியம் தோளில் துணி போர்த்தி நின்றால் வேறு மனிதன். நானா "பாலத்தைச் சரிபண்ணணும், ஆள் வரச்சொல்" என்றால், மாஃபோ முன்னோர்கள் அந்த ஆற்றைக் கடந்த கதையிலிருந்து தொடங்குவான். கேட்டவர்கள் மறுநாள் மண்வெட்டியோடு தானாக வந்து நிற்பார்கள். கள் இறக்கும் அத்தோபிரா அவனைச் சீண்டுவான்: "ஏன்டா, உன் பொண்டாட்டிகிட்ட உப்பு கேட்டாக்கூட கடல்லேருந்துதான் ஆரம்பிப்பியா?"

அந்த வேலைக்கு இன்னொரு பாதியும் உண்டு. நானா தப்பே பேசமாட்டார். சொல்லில் பிழை வந்தால் அது வாயின் பிழை. பழைய நானா ஒருமுறை சேனைத் திருவிழாவுக்கு நாள் மாற்றிச் சொல்லிவிட்டு, பக்கத்து ஊரே வந்து பட்டினியாகத் திரும்பியபோது, தப்பு தன்னுடையது என்று சபையில் குனிந்து ஓர் ஆட்டைக் கொடுத்தவன் மாஃபோதான். அதைச் சிரித்துக்கொண்டே சொல்வான். கோலைப் பிடித்தவனுக்கு அந்தப் பழியும் சேர்ந்துதான் வரும் என்பது அவன் கணக்கு.

புது நானா குமாசி நகரத்தில் பல வருடம் பாங்கியில் இருந்தவர். தலைநகர் அக்ராவிலிருந்து அதிகாரிகள் வந்தால் அவரே நேராக இங்கிலீஷில் பேசுவார். இங்கிலீஷுக்கு நம் சபையில் ஏது சம்பிரதாயம்? மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்ட மாஃபோ அப்போதெல்லாம் பந்தக்கால் மாதிரி பக்கத்தில் நிற்பான். அது கவர்மெண்ட் பாஷை, நமக்கென்ன என்று இருந்துவிட்டான். அங்கேதான் கெட்டது.

ஆற்றங்கரையில் தங்கம் இருக்கிறது என்று ஒரு கம்பெனி வந்தது. கரை முழுக்கக் கோகோ தோட்டங்கள். அதில் ஒன்று மாஃபோவின் அக்கா பிராகோவுடையது. புருஷன் போனபின் அவள் தனி ஆளாக வைத்து வளர்த்த மரங்கள், வேறு ஆதாரம் கிடையாது. கரைப் பெண்களைக் கூட்டிக்கொண்டு ஜில்லா ஆபீசில் போய் உட்காரப்போகிறேன் என்று கிளம்பியவளை, நானா என்ன சொல்கிறார் என்று ஒரு நாள் பொறுத்துக் கேளேன் என்று நிறுத்தியது தம்பிதான்.

சபையில் கம்பெனிக்காரர்களும் நானாவும் இங்கிலீஷில் வெகுநேரம் பேசினார்கள், சிரித்தார்கள், கை குலுக்கினார்கள். பிறகு நானா மாஃபோ பக்கம் சாய்ந்தார்.

"கரையில கை வைக்கமாட்டாங்க. ரோடு மட்டும்தான் போடுறாங்க. சொல்லிடு."

மாஃபோவுக்கு மனம் குளிர்ந்துவிட்டது. ஆற்றைச் சாட்சி வைத்து, பாட்டன்மார் பெயரை வரிசையாகச் சொல்லி, அந்த மரங்களின் நிழலில் உங்கள் பேரப்பிள்ளைகளும் காய் உடைப்பார்கள் என்று முடித்தான். ஊர் எழுந்து கைதட்டியது. கம்பெனிக்காரர்களும் தட்டினார்கள். பிராகோ ஆபீசுக்குப் போகவில்லை. கருவாடு போட்ட பனங்காய்க் குழம்பு ஒரு பானை தம்பி வீட்டுக்கு வந்தது.

மழைக்கு முன்னால் மஞ்சள் இயந்திரங்கள் வந்தன. மாஃபோ ஓடிப்போய்ச் சேர்வதற்குள் அக்காளின் தோட்டத்தில் பாதி சாய்ந்துகிடந்தது. நிலம் அளக்க வந்தவன் நம் ட்வி பாஷைக்காரன். பிராகோவின் முகத்தைப் பார்க்கமாட்டாமல் தரையைப் பார்த்துச் சொன்னான்.

"அன்னைக்கே உங்க நானா இங்கிலீஷ்ல சரின்னுட்டாரேம்மா. நீங்க எல்லாரும் எழுந்து நின்னு கைதட்டினீங்களே."

நம்ப வைத்துக் கழுத்தை அறுப்பார்கள், கேள்விப்பட்டிருக்கிறோம். இங்கே கத்தியை மாஃபோவின் கையிலேயே கொடுத்து, சொந்த அக்காளின் கழுத்தை அறுக்க வைத்திருந்தார் அந்த மனிதர்.

ஊர் கொதித்துச் சபை கூடியது. கரைப் பெண்கள் முன்வரிசையில் உட்கார்ந்தார்கள். நானா சாய்ந்து முணுமுணுத்தார்.

"நீ தப்பா காதுல வாங்கிட்டேன்னு சொல்லிடு. ஆட்டை நானே குடுத்துடறேன்."

மாஃபோ வாயைத் திறக்கவில்லை. காதில் தப்பாக விழுந்தது என்று பழியை ஏற்றால், அதுவே அக்காளிடம் சொல்லும் பொய். நானா பொய்யர் என்று சொன்னால், கோல் பிடித்த எவனும் அதுவரை செய்யாத காரியம் அது. மறுபடி முணுமுணுத்தும் பயனில்லாமல் போகவே, நானாவுக்குக் கோபம் தலைக்கேறியது. எல்லோர் காதிலும் விழும்படி அவனை இங்கிலீஷில் ஏசினார். என்ன சொன்னார் என்று பெரியவர்கள் மாஃபோவைப் பார்த்தார்கள்.

அன்றைக்கு அவன் ஆற்றிலிருந்தும் தொடங்கவில்லை, முன்னோர்களிடமிருந்தும் தொடங்கவில்லை.

"நானா இப்ப இங்கிலீஷ்ல பேசினார். அந்தப் பாஷையில நான் அவருக்கு வாய் இல்ல. கம்பெனிக்காரங்க வந்த அன்னைக்கும் இல்ல. அன்னைக்கு முடிஞ்சதெல்லாம் அந்தப் பாஷையிலதான் முடிஞ்சுது."

கோலை நானாவின் காலடியில் கிடத்தினான். முதலில் ஒரு முணுமுணுப்பு, பிறகு பெண்களின் கூச்சல். நானா தன் தலைக்கு மேல் பிடித்திருந்த குடையை மடிக்கச் சொல்லாமலே எழுந்து உள்ளே போய்விட்டார். மாஃபோ அக்காளின் முன்னால் போய் நின்றான்.

"அக்கா, நான் உங்கிட்ட பொய் சொல்லல."

"தெரியும்டா யாவ்" என்றாள் பிராகோ. "அந்த ஆளை நான் என்னைக்கும் நம்பினதே இல்ல. உன் குரலைக் கேட்டுத்தான் நான் ஆபீசுக்குப் போகாம வீட்டுக்குத் திரும்பினேன்."