மேட்டைச் சுற்றி நின்ற ஓநாய்ப் பழச் செடிகள்

அசில்கான் அக்காவின் மகள் சைரா போர்க்காலத்தின் மூன்றாவது குளிர்காலத்தில் செத்துப்போனாள். ஆறு வயது. அந்த வருஷம் எங்கள் கூட்டுப்பண்ணையில் எல்லோரும் தவிட்டைக் கரைத்துக் குடித்துக்கொண்டிருந்தோம். ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கிற இடுகாடு வரை பிணத்தைத் தூக்கிப்போக யாருக்கும் தெம்பில்லை. கோதுமை வயலை ஒட்டிய மேட்டில் நெருப்பு மூட்டி, பனியில் இறுகிக் கிடந்த மண்ணை இளக்கிப் புதைத்தார்கள். பனி உருகியதும் நாய்கள் தோண்டின. அசில்கானே போய் மூடிவிட்டு வந்தாள்.

அந்த வருஷம் இலைகள் உதிர்ந்த பிறகு, அவள் மலையிடுக்கில் இறங்கிப் பதினோரு ஓநாய்ப் பழச் செடிகளை வேரோடு தோண்டி, ஈரக் கம்பளத்தில் சுற்றி முதுகில் சுமந்து வந்து அந்த மேட்டைச் சுற்றி நட்டாள். எங்களுக்குச் சிரிப்பு.

"ஏன்க்கா, மாடுகூட வாய் வைக்காத முள்ளைப் போய் யாராச்சும் நட்டு வளப்பாங்களா?" என்றேன்.

"எதுவும் கிட்ட வராதுல்ல? அதுதான்டி எனக்கு வேணும்."

வயல் வேலை முடிந்ததும் தினமும் வாய்க்காலிலிருந்து இரண்டு வாளி தண்ணீர். இரண்டு செடி பட்டுப்போயின. மற்றவற்றில் முற்றிய கிளைகளை வெட்டிவிட்டு, புதுத் தளிரை மட்டும் விட்டாள். நான்காம் வருஷம் காய்த்தது. செப்டம்பரில் இலைகள் செம்பும் நெருப்புமாக மாறின. அடியில் சரம் சரமாகச் சிவந்த பழம். அறுத்த வயலுக்கு நடுவே அந்த மேடு மட்டும் எரிவதுபோல இருக்கும். சிரித்த நாங்களே சூப்புக்குப் புளிப்பு கேட்டுக் கிண்ணத்தோடு போய் நின்றோம்.

"வெளிப்பக்கம் பறிச்சுக்கோங்க. உள்பக்கம் சைராவோடது" என்பாள்.

அவள் புருஷன் போரிலிருந்து வரவில்லை. அவன் தம்பி சாதிர்பாய்தான் இடது கையை விட்டுவிட்டுத் திரும்பி வந்தான். அவனைத்தான் எங்கள் குழுவுக்குத் தலைவனாகப் போட்டார்கள்.

ஐம்பத்திரண்டாம் வருஷம் கோதுமையில் துரு நோய் விழுந்தது. தாளைத் தொட்டால் கையெல்லாம் செம்பழுப்புத் தூள். அறுத்துப் பார்த்தால் மணி சீரகம் மாதிரி சூம்பிக் கிடந்தது. செப்டம்பரில் மாவட்டத்திலிருந்து பயிர் நிபுணர் ஒருவர் வந்தார். மேட்டருகே நின்று ஓர் இலையைப் பறித்துப் புரட்டிப் பார்த்தார். வயலோரத்தில் இந்தச் செடி ஒன்றுகூட இருக்கக் கூடாது, வேரோடு எடுத்து உப்புக் கொட்ட வேண்டும் என்று உத்தரவு எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார்.

சாதிர்பாய் என்னையும் கூட்டிக்கொண்டு அவள் வீட்டுக்குப் போனான். உள்ளே வராமல் வாசலிலேயே நின்றான்.

"அண்ணி, அந்தச் செடி... துரு அதுலதான் பிறக்குதாம். அங்கேர்ந்துதான் கோதுமைக்குப் போகுதாம்."

"நீ நம்புறியா?"

"நான் நம்பி என்ன, நம்பாட்டி என்ன? நாளைக்கு ஆளுங்களோட வரணும்."

"ஆளுங்களோட வந்து? ஒத்தைக் கையை வெச்சுக்கிட்டு எம்பொண்ணு தலைமாட்டுல மண்வெட்டி போடுவியோ?"

அவள் மோர்ச் சட்டியைக் கீழே வைத்தாள்.

"மே மாசம் இலைக்கு அடியில மஞ்சளா புள்ளி இருந்துச்சு" என்றாள். "சின்னச் சின்னக் கிண்ணம் மாதிரி. ஏதோ சீக்குன்னு ஈரத்துணியால ஒவ்வொரு இலையா துடைச்சேன். யார்கிட்டயும் சொல்லல. சொன்னா வெட்டிடுவாங்கன்னு பயம்."

அந்த வருஷக் கூலிக்கு எங்களுக்குக் கிடைத்ததே சூம்பின கோதுமைதான். என் வீட்டில் மூன்று பிள்ளைகள்.

"நீ வராதே, தம்பி. நானே எடுக்கறேன்" என்றாள்.

மறுநாள் விடிந்து நாங்கள் போனபோது நான்கு செடி ஏற்கெனவே மல்லாந்து கிடந்தன. பழம் மண்ணில் உருண்டு நசுங்கியிருந்தது. முள் கிழித்து அவள் முழங்கை வரை இரத்தம். யாரையும் தொட விடவில்லை. வேர் மஞ்சளாக, ஆழமாகப் போயிருந்தது. புதைத்த இடத்துக்குள்ளும் ஓடியிருந்தது. அங்கே மட்டும் மண்வெட்டியைக் கீழே வைத்துவிட்டுக் கையால் தோண்டினாள். மத்தியானத்துக்குள் எல்லாவற்றையும் குவித்து எரித்தோம். உப்பு வாளியைத் தூக்கிக் கொடுத்தவள் நான். ஒன்பது குழியிலும் அவளே கொட்டினாள்.

அடுத்த வருஷமும் துரு வந்தது. முன்னளவு இல்லை, ஆனால் வந்தது. மலையிடுக்கு நெடுக அந்தச் செடி காடாக நிற்கிறதே, அதை யார் வெட்டுவது என்று பயிர் நிபுணர் சொன்னார். அசில்கான் அதைக் கேட்டுக்கொண்டு நின்றாள். பிறகு அரிவாளை எடுத்துக்கொண்டு அறுப்பு வரிசையில் போய் நின்றாள்.

உப்பு மண்ணில் புல்கூட முளைக்கவில்லை. அவள் ஆற்றங்கரையிலிருந்து கல் சுமந்து, நாய் தோண்டாதபடி அந்த இடத்தை மூட ஆரம்பித்தாள். சாதிர்பாயும் ஒரு கையால் கல் கொண்டுவந்து போடுவான். கடைசிக் கல் வைக்க இரண்டு வருஷம் ஆயிற்று.