வைத்த இடத்தில் இருக்கும் என்று நினைத்தேன்

பிரான்சில் துலூஸ் நகருக்கு வந்த புதிதில், பக்கத்து அறையில் வேலை செய்யும் பெண்ணை ஒரு காபி குடிக்கலாம் வா என்று கூப்பிட்டேன். அவள் பையிலிருந்து டைரியை எடுத்துப் புரட்டி, அடுத்த மாதத்தில் ஒரு வியாழக்கிழமையைக் காட்டினாள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வியாழன் வசதிப்படாதா என்று அவள் கவலையோடு கேட்டாள். புதுச்சேரியில் எங்கள் சாரம் பகுதியில் காபிக்கு யாராவது நாள் பார்ப்பார்களா? வாசலில் செருப்புச் சத்தம் கேட்டதும் பாலில் தண்ணீர் ஊற்றுவதுதானே வழக்கம்!

இதில் வேடிக்கை, திட்டம் போடுவதுதான் என் தொழிலே. செயற்கை நுண்ணறிவில் அது ஒரு கிளை. இப்போது என்ன நிலை, எந்த நிலைக்குப் போய்ச் சேர வேண்டும், என்னென்ன செய்ய முடியும் என்று கணினிக்குச் சொல்லிவிட்டால், எதை முதலில் செய்வது, எதை அப்புறம் செய்வது என்று அதுவே வரிசை கட்ட வேண்டும். அந்த வரிசைப்படி எங்கள் ஆய்வுக்கூடத்தில் ரோபோக்கள் பெட்டி தூக்கி அலையும். கணக்கு எளிதாக இருக்க நாங்கள் ஒன்றை வசதியாக நம்பிக்கொள்வோம்: ரோபோ கை வைக்காத எதுவும் வைத்த இடத்திலேயே இருக்கும். உலகம் அப்படி இல்லை என்று தெரிந்துகொண்டேதான் அப்படி ஆரம்பிப்போம்.

ஊரில் என்னைப் பற்றி, "பிரெஞ்சு மாப்பிள்ளையக் கட்டிக்கினா, பறந்துட்டா" என்று பேசிக்கொள்வார்கள். என் கணவர் ரொபேர் பிரெஞ்சுக் குடிமகன்தான். புதுச்சேரி இந்தியாவோடு சேர்ந்த காலத்தில், பிரெஞ்சுக் குடியுரிமையே போதும் என்று அவருடைய தாத்தா எழுதிக் கொடுத்ததால் வந்தது. பிரான்சில் தேர்தல் என்றால் இவர் புதுச்சேரியில் ஓட்டுப் போட்டுவிட்டு வருவார். மற்றபடி லாஸ்பேட்டையில் பட்டறை வைத்து, காலேஜ் பிள்ளைகளின் ஸ்கூட்டர்களைப் பிரித்து மாட்டிக்கொண்டிருந்தார். பிரான்சைப் பார்த்ததில்லை. 'போன்ழூர்' தாண்டிப் பிரெஞ்சு வராது. இந்தியப் பாஸ்போர்ட்காரியான நான்தான் மொழியைக் கற்று, ஆராய்ச்சிக்கு இடம் பிடித்து, ஆண்டுதோறும் அரசு அலுவலகத்தில் கால்கடுக்க நின்று தங்கும் அனுமதி வாங்கி, தனியாக அங்கே இருந்தேன். படித்துச் சம்பாதித்ததைக் கல்யாணத்தில் வந்த சீர் மாதிரி ஊர் பேசும்போது பற்றிக்கொண்டு வரும்.

ஞாயிற்றுக்கிழமைகளில் போன் பேசுவோம். சாப்பிட்டியா, குளுருதா என்பதற்குள் போன் கார்டு தீர்ந்துவிடும். ஒருவரை ஒருவர் வா என்று கூப்பிட்டதில்லை. கடைசியில் ஊருக்கே திரும்பிவிடுவது என்று நானே முடிவு செய்தேன். லாஸ்பேட்டையில் ஒரு பொறியியல் கல்லூரியில் விரிவுரையாளர் வேலையும் கிடைத்தது. உண்மையைச் சொல்கிறேன், அவருக்காக மட்டும் இல்லை. எனக்கு ஊர் வேண்டியிருந்தது. ஆட்கள் கேட்காமல் உள்ளே வரும் வீடு வேண்டியிருந்தது.

துலூஸில் வேலையை நீட்டித்துத் தரத் தயாராக இருந்த பேராசிரியரிடம் போய்ச் சொன்னேன்.

"உங்கள் கணவர் பிரெஞ்சுக்காரர்தானே?"

"ஆமாம்."

"பிறகு ஏன் இந்தியா போகிறீர்கள்?"

"அவர் அங்கேதான் இருக்கிறார்."

"ஓ, அங்கே அவருக்கு வேலையா?"

"இல்லை, அங்கேதான் பிறந்தார்."

எங்கள் குடும்பத்தில் ஏதோ சண்டை என்று அவர் முடிவு கட்டிவிட்டார். பாவம், இடத்தைக் கொஞ்ச நாள் காலியாக வைத்திருப்பதாகச் சொல்லிக் கதவு வரை வந்து வழியனுப்பினார்.

ரொபேருக்குச் சொல்லவில்லை. திடீரென்று போய் நின்று அவர் முகத்தைப் பார்க்க ஆசை. சென்னையிலிருந்து வந்த பஸ்ஸை விட்டு இறங்கி நேரே லாஸ்பேட்டைக்கு ஆட்டோ பிடித்தேன். பட்டறையில் அவர் இடத்தில் அவருடைய தம்பி உட்கார்ந்திருந்தான்.

"ஐயோ அண்ணி! நீங்க எங்க இங்க? அண்ணன் உங்ககிட்ட வர்றதுக்கு வீட்ல பெட்டி கட்டிக்கினு இருக்காரு!"

"என்னாடா சொல்ற?"

"பட்டறைய எனக்குக் குடுத்துட்டாரு அண்ணி. அத வச்சித்தான எனக்குப் பொண்ணே குடுக்கிறாங்க. உங்களுக்குச் சொல்லக் கூடாதுன்னாரு..." என்று நாக்கைக் கடித்துக்கொண்டான்.

சாரம் வீட்டில் கட்டில் முழுக்கப் புது ஸ்வெட்டர்கள். என்னைப் பார்த்ததும் ரொபேர் பேயறைந்த மாதிரி நின்றார்.

"என்ன ஒரு வார்த்த கேக்காம எதுக்குப் பட்டறையக் குடுத்தீங்க?" என்று கத்தினேன்.

"நீ மட்டும் கேட்டுட்டா வேலைய விட்டுட்டு வந்த?" என்றார்.

ஆய்வுக்கூடத்தில் இதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். குறுகலான நடைவழியில் இரண்டு ரோபோக்கள் எதிரெதிரே வரும். மற்றது அசையாது என்று நம்பி ஒவ்வொன்றும் ஒதுங்கும். இரண்டும் ஒரே பக்கம் ஒதுங்கி முட்டிக்கொள்ளும். நாங்கள் விழுந்து விழுந்து சிரிப்போம். சொந்த வீட்டில் நடந்தபோது அழுகைதான் வந்தது. இங்கேயே இருந்துவிடலாம், வேறு பட்டறை போடலாம் என்று கெஞ்சினேன்.

"அதே ஊர்ல தம்பிக்குப் போட்டியாவா? நிச்சயம் பண்ணியாச்சு மலரு. குடுத்தத எந்த மூஞ்சிய வச்சிக்கினு திருப்பிக் கேக்கறது?"

எங்கள் துறையில் எந்தச் செயலைத் திருப்ப முடியும், எதைத் திருப்ப முடியாது என்று முதலில் பார்ப்போம். கல்லூரியில் நான் இன்னும் சேரவில்லை. துலூஸில் இடம் காலியாக இருந்தது. பட்டறை போனது போனதுதான். ஆகவே திரும்ப வேண்டியவள் நான். கணக்கு சரியாகத்தான் வந்தது. அந்த விடையை நான் வெறுத்தேன். நான் ஊருக்கு வந்தது ஊரில் இருக்கத்தான். கடைசியில் அவரை அழைத்துப்போக வந்தவள் மாதிரி ஆகிவிட்டது.

பாரிஸ் விமான நிலையத்தில் சீருடைக்காரர் ஒருவர் எங்கள் பாஸ்போர்ட்டுகளைப் பார்த்துவிட்டு, அவரைக் குடிமக்கள் வரிசைக்கும் என்னை வெளிநாட்டவர் வரிசைக்கும் கைகாட்டினார். ரொபேர் என்னைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனார். கவுண்டரில் இருந்தவர் சிரித்து ஏதோ சொல்லி, உடனே அவரை உள்ளே விட்டுவிட்டார். என் வரிசை நகரவே இல்லை. தடுப்புக்கு அந்தப் பக்கம் அவர் ஒவ்வொரு பலகையாக அண்ணாந்து பார்த்தார். ஒலிபெருக்கி சொன்னது ஒன்றும் அவருக்குப் புரியவில்லை. கூட்டத்தைத் தாண்டி அவர் குரல் வந்தது: "மலரு, எந்தப் பக்கம் போவணும்?"

"நேராப் போயி இடது பக்கம்!" என்று வரிசையில் நின்றபடி தமிழில் கத்தினேன். எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். அவர் சரியாக இடது பக்கம் திரும்பித் தன் நாட்டுக்குள் போனார். எனக்கு முன்னால் இன்னும் நிறையப் பேர் நின்றிருந்தார்கள்.