எதுலேர்ந்து, டீச்சர்?

பூங்கோதை டீச்சர் போய்விட்டார். இன்று விடியற்காலை நெஞ்சுவலி... ஆஸ்பத்திரி வாசலை எட்டுவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

நேற்று மத்தியானம் என் டிபன் பாக்ஸிலிருந்து பாதிப் புளியோதரையை அள்ளிக்கொண்டு போன ஆள்! எப்படி நம்புவது?

தெரியாதவர்களுக்கு... கீழ்பென்னாத்தூர் பக்கம் ஒரு ஸ்கூலில் அவர் கணக்கு டீச்சர், நான் மூன்றாம் வகுப்பு டீச்சர். பதினோரு வருஷமாகத் திருவண்ணாமலையிலிருந்து தினமும் ஒரே பஸ், ஒரே சீட்.

யார் எதைச் சதவீதத்தில் சொன்னாலும் அவரிடமிருந்து ஒரே கேள்விதான் வரும். "எதுலேர்ந்து?"

பால் விலை பத்து சதவீதம் ஏறிவிட்டது என்று கண்டக்டர் புலம்பினாலும் அதே கேள்வி. பாவம் மனுஷன், டிக்கெட் கொடுப்பதை விட்டுவிட்டு யோசித்துக்கொண்டு நிற்பார்.

ஒரு முறை தேரடி வீதி ஜவுளிக்கடையில் "50% + 50% தள்ளுபடி" என்று போர்டு. டீச்சர் நேராக உள்ளே போய் இரண்டு புடவையை எடுத்துக்கொண்டு, அப்படியானால் சும்மாவே கொடுங்கள் என்று நின்றுவிட்டார்.

சேல்ஸ் பெண் திருதிருவென்று முழித்தாள். முதல் பாதி போக மிச்சத்தில்தான் இரண்டாவது பாதி, ஆக மொத்தம் எழுபத்தைந்துதான் என்று இவரே அங்கே பாடமும் நடத்தினார். முதலாளி போர்டை மாற்றவில்லை... கட்டைப்பை மட்டும் இலவசமாகக் கொடுத்தார்.

அப்புறம் அந்த வெயிட் விஷயம். மூன்று மாதம் தினமும் கிரிவலம் போய் எண்பது கிலோவில் பத்து சதவீதம் குறைத்தார். பிறகு பௌர்ணமி அன்னதானங்களை ஒரு கை பார்த்ததில் பத்து சதவீதம் ஏறிவிட்டது.

பழையபடி எண்பதா என்று கேலி செய்தேன். அசரவில்லையே!

"எழுபத்திரண்டுல பத்து சதவீதம் ஏழு கிலோ இருநூறுதான் டீச்சர். இன்னும் எண்ணூறு கிராம் கம்மிதான் இருக்கேன்."

போன முறை ஆசிரியர் தகுதித் தேர்வில் நான் நூற்றைம்பதுக்கு அறுபத்தெட்டு மார்க். பெயில். இந்த முறையும் போனால் வேலைக்கே உலை. வீட்டில் இரண்டு பேர் காலேஜில் படிக்கிறார்கள்.

அதிலும் இந்தச் சதவீதக் கணக்கு! எவ்வளவு ஏறியது என்று கேட்டால் எப்போதும் புது எண்ணால்தான் வகுத்து வைப்பேன்.

டீச்சர் பஸ்ஸிலேயே தினமும் பத்துக் கணக்கு கொடுத்தார். ஒன்று தப்பினாலும் சன்னலோர சீட் அவருக்கு. ஐந்து மாதம் நான் சன்னல் பக்கமே போகவில்லை.

பரீட்சை எழுதிவிட்டு வந்த அன்று சொன்னார். "ரிசல்ட் வந்தா வெறும் மார்க்க சொல்லாதீங்க. எத்தன சதவீதம் ஜாஸ்தினு போட்டு சொல்லுங்க. தப்பா சொன்னீங்க, பேசவே மாட்டேன்."

நேற்று சாயங்காலம் ரிசல்ட் வந்தது. எண்பத்தைந்து. பாஸ்!

போனைக் கையில் எடுத்தேன்... வேண்டாம், காலையில் பஸ்ஸில் நேரிலேயே சொல்லலாம், அந்த முகத்தைப் பார்க்க வேண்டும் என்று வைத்துவிட்டேன். மடச்சி நான். ஒரு போன் பண்ணியிருக்கலாம்.

டீச்சர், அறுபத்தெட்டுலேர்ந்து எண்பத்தஞ்சு. பதினேழு ஜாஸ்தி. அறுபத்தெட்டாலதான் வகுத்தேன்... இருபத்தஞ்சு சதவீதம்.

ரெண்டு தடவ சரிபார்த்துட்டேன். இருந்தாலும் சன்னலோரம் நீங்களே உக்காருங்க.