பெரியப்பா எழுதிய கடைசிப் பத்தி

பெரியப்பாவின் குரல்வளையை ஆபரேஷன் செய்து எடுத்தபோது நான் ஆறாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தேன். அதுவரை இருபத்திரண்டு வருடங்கள் அவர் பஸ் கண்டக்டர். கத்திக் கத்தியே தொண்டை கெட்டுப்போய்விட்டது என்று தெருவில் பேசிக்கொண்டார்கள். பீடியின் பெயரை யாரும் எடுக்கவில்லை. பேசியவர்களும் பீடி குடிப்பவர்கள்தான்.

சைதாப்பேட்டையில் ஒரே வீட்டில் இருந்தோம். கீழே பெரியப்பாவும் பெரியம்மாவும், மாடியில் அப்பா, அம்மா, நான். அப்பாவும் அம்மாவும் வேலைக்குப் போகிறவர்கள். பெரியம்மாவுக்குக் குழந்தை இல்லை. அதனால் நான் மாடியில் தூங்கிக் கீழே வளர்ந்தவள்.

ஆஸ்பத்திரியிலிருந்து அவர் திரும்பி வந்தபோது கழுத்தின் நடுவில் ஒரு ரூபாய் நாணயம் அளவுக்கு ஓட்டை இருந்தது. மூச்சு அதன் வழியாகத்தான் போய் வந்தது. அதை மறைத்து ஒரு வெள்ளைத் துணியை நாடா வைத்துக் கட்டியிருப்பார். வீட்டுக்கு வந்த இரண்டாம் நாள், சட்டைப் பையில் கிடந்த விசிலை எடுத்து வாயில் வைத்து ஊதினார். சத்தம் வரவில்லை. காற்று வாய்க்கு வராமல் கழுத்தோடு போய்விட்டது. குற்றம் விசிலுடையது என்பதுபோல் அதைக் கையில் தட்டிப் பார்த்தார். பிறகு தோள் குலுங்கச் சத்தமில்லாமல் சிரித்தார். நானும் கூடச் சேர்ந்து சிரித்தேன். பெரியம்மா மட்டும் எழுந்து அடுப்பங்கரைக்குள் போய்விட்டாள்.

பேச்சுக்குப் பதிலாக ஒரு நோட்டு வந்தது. ஓடும் பஸ்ஸில் நின்றபடி எழுதிப் பழகிய கை அவருடையது. தரையில் சம்மணம் போட்டு எழுதினாலும் எழுத்துகள் குலுங்கின. வீட்டில் அதைப் படிக்கத் தெரிந்தவள் நான் ஒருத்திதான். பெரியம்மா அச்சடித்ததை எழுத்துக் கூட்டிப் படிப்பாள். கையெழுத்து என்றால் என்னிடம் நீட்டிவிடுவாள். ஆகவே பெரியப்பா பகலெல்லாம் சொல்ல நினைத்தவை நான் பள்ளியிலிருந்து வரும்வரை நோட்டிலேயே காத்திருக்கும். நான் பையைக் கழற்றி வைத்துவிட்டு உரக்கப் படிப்பேன். பால்காரன் மூன்று நாளாகத் தண்ணீர் ஊற்றுகிறான். எதிர்வீட்டுக்காரன் மோட்டாரை நிறுத்த மறந்துவிட்டான். குழம்பில் உப்பு தூக்கல். அவருடைய குரலாக இருப்பதில் எனக்கு ரொம்பப் பெருமை.

பெரியம்மா அசோக் நகரில் ஒரு தையல் யூனிட்டில் வேலை செய்தாள். ஆபரேஷனுக்காக இரண்டு மாதம் லீவு போட்டிருந்தவள், அவருக்குச் சாப்பாடு இறங்க ஆரம்பித்ததும் திரும்பப் போனாள். ஆனால் மனசில்லாமல்தான் போனாள். காலையில் செருப்பை மாட்டும்போது தினமும் கேட்பாள்.

"வேலைய வுட்டுடட்டா? வூட்லயே இருக்கட்டா?"

பெரியப்பா கையை வெளிப்பக்கமாக வீசுவார். பஸ்ஸில் படிக்கட்டில் நிற்பவர்களை உள்ளே போகச் சொல்லும் அதே கைவீச்சு. அவள் போய்விடுவாள்.

அப்படி இருக்கையில் ஒருநாள் செக்கப்புக்குப் போனோம். அன்று பள்ளி விடுமுறை, அவருடைய குரலாக நானும் போயிருந்தேன். வார்டு சிஸ்டர் அவரைப் பார்த்ததும் சொன்னார்: "கண்டக்டர் சார், புதுசா ஆபரேஷனுக்கு வர்றவங்க ரொம்ப பயந்துபோறாங்க. நல்லாகிப் போனவங்க எழுதினத சேத்து ஒரு சின்ன புக்கு போடப்போறோம். உங்களுக்கு என்ன ஆச்சு, எப்படித் தாண்டி வந்தீங்கன்னு ரெண்டு பக்கம் எழுதிக் குடுங்களேன்."

தன் வாழ்நாளில் பெரியப்பா எழுதியதெல்லாம் எந்த ஸ்டாப்பில் எத்தனை டிக்கெட் என்ற கணக்குத்தான். அவர் மறுப்பார் என்று நினைத்தேன். சரி என்று தலையாட்டினார்.

ஒரு வாரம் எழுதினார். நான்கு பக்கங்கள். எழுதும்போது யாரையும் பக்கத்தில் விடவில்லை. முடித்ததும் காகிதங்களை மடித்து என்னிடம் கொடுத்தார். மேலே தனியாக ஒரு சீட்டில், 'நல்ல கையெழுத்துல எழுதிக் குடு. பெரியம்மாக்கு இப்ப படிச்சிக் காட்டாத. புக்குல வந்தப்புறம் அதுவே படிக்கட்டும்' என்றிருந்தது. கையெழுத்துப் போட்டியில் அந்த வருடம் எனக்கு முதல் பரிசு. மாடியில் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்தேன்.

படித்ததும் எனக்குக் கவலையாகிவிட்டது. அவர் பேசுவது போலவே எழுதியிருந்தார். 'தொண்டைல டிக்கெட் வாங்காம ஒர்த்தன் ஏறி உக்காந்துக்கினான். எறங்குடான்னா எறங்கல. கடசில டாக்டரு சீட்டோட சேத்து பேத்து எடுத்துட்டாரு' என்று ஒரு இடத்தில். 'ஆபரேசன் முடிஞ்சி கண்ண தொறந்து அம்மான்னு கூப்டேன். வாயி தொறந்துச்சி. அம்மா வர்ல' என்று இன்னொரு இடத்தில். இதை அப்படியே கொடுத்தால் எங்கள் தமிழ் மிஸ் சிவப்பு மையால் குளிப்பாட்டிவிடுவார். நான் 'கீது'வையெல்லாம் 'இருக்கிறது' ஆக்கினேன். டிக்கெட் வாங்காதவன் 'அழையா விருந்தாளி' ஆனான். பரீட்சையில் அந்தத் தொடருக்கு எனக்கு ஒருமுறை முழு மதிப்பெண் கிடைத்திருந்தது.

பிறகு கடைசிப் பத்திக்கு வந்தேன். அந்தக் காகிதங்கள் பழைய பேப்பர்காரரோடு போய்விட்டன. அந்தப் பத்தி மட்டும் எனக்கு இன்றும் மனப்பாடமாக இருக்கிறது.

'வலி போய்ட்ச்சி. சோறு எறங்குது. இப்ப வேற ஒண்ணு கீது. பகல்ல எல்லாம் வேலைக்கி போய்டுறாங்க. வூட்ல ஒண்டியா கீறேன். கழுத்து ஓட்டைய சளி அடச்சிக்கினா கூப்ட முடியாது. பயமா கீது. வூட்டுக்காரி வேலைக்கி போவாம பக்கத்துல இருந்தா தேவலாம். கேக்க வெக்கமா கீது.'

இதைப் படித்ததும் எனக்கு அழுகை வரவில்லை, அவமானமாக இருந்தது. என் பெரியப்பா ஓடும் பஸ்ஸிலிருந்து குதித்துப் பிக்பாக்கெட்காரனைத் துரத்திப் பிடித்தவர். பிளேடு கீறிய தழும்பு அவர் முழங்கையில் இருந்தது. அந்தக் கதையை வகுப்பில் எத்தனையோ முறை சொல்லி, ஒவ்வொரு முறையும் பிளேடை இன்னும் கொஞ்சம் நீளமாக்கியிருந்தேன். அப்படிப்பட்டவர் பகலில், சொந்த வீட்டில், பயமாக இருக்கிறது என்று எழுதுவாரா? மேலும் கட்டுரை என்றால் முன்னுரை, பொருளுரை, முடிவுரை. முடிவுரையில் நம்பிக்கை இருக்க வேண்டும் என்று மிஸ் சொல்லியிருக்கிறார். 'கீது'வைப் போல இதுவும் ஒரு பிழை என்று எனக்குத் தோன்றியது. திருத்தினேன்.

'இன்று எனக்குப் பயம் என்பதே இல்லை. வீட்டில் தனியாக இருக்கும்போதும் தைரியமாக இருக்கிறேன். மன உறுதி இருந்தால் எந்த நோயையும் வெல்லலாம்.'

மறுநாள் அவர் ஆஸ்பத்திரிக்குக் கிளம்பும் நேரத்தில்தான் பிரதியைக் கொடுத்தேன். முதல் பக்கத்தைப் பார்த்தார். என் எழுத்தின் மேல் விரலை ஓட்டி, 'சூப்பர்' என்று கைகாட்டினார். கடைசிப் பக்கத்தின் அடியில் பெயரை எழுதினார். மேலே என்ன இருந்தது என்று படிக்கவில்லை. என்னை நம்பினார்.

இரண்டு மாதம் கழித்துப் புத்தகம் வந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. அப்பா அக்கம்பக்கத்தில் நாலு பேரைக் கூப்பிட்டு உட்கார வைத்துப் பெரியப்பாவின் கட்டுரையை உரக்கப் படித்தார். அழையா விருந்தாளி வந்ததும் பெரியப்பா புருவத்தைச் சுருக்கினார், பிறகு என்னைப் பார்த்துப் புன்னகைத்தார். பத்திகள் குறையக் குறைய அவர் நாற்காலியின் நுனிக்கு வந்துகொண்டிருந்தார். அவர் பார்வை அப்பாவிடம் இல்லை. கதவோரம் நின்ற பெரியம்மாவிடம் இருந்தது.

அப்பா கடைசி மூன்று வரிகளைப் படித்து முடித்தார். பக்கத்து வீட்டுக்காரர், "சிங்கம்யா எங்க கண்டக்டரு" என்றார். எல்லோரும் கைதட்டினார்கள்.

பெரியப்பா புத்தகத்தை வாங்கி அந்த இடத்தைத் தானே பார்த்தார். பெரியம்மா வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்து, எழுத்துகளுக்குக் கீழே விரல் வைத்து ஒவ்வொன்றாகக் கூட்டிப் படித்தாள். வெகுநேரம் ஆனது. முடித்துவிட்டு நிமிர்ந்தாள்.

"நெசமாவே பயமில்லியா உனுக்கு?"

நோட்டு அவர் மடியில்தான் இருந்தது, பேனா அதன் மேல். நான்கு வீட்டு ஆட்கள் அவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர் பேனாவை எடுக்கவில்லை. இல்லை என்று தலையாட்டினார்.

"நான் இந்த மாசத்தோட நின்னுடலாம்னு இருந்தேன்" என்றாள் பெரியம்மா. அவள் முகத்தில் பல மாதங்களாக இருந்த ஏதோ ஒன்று இறங்கிப்போயிருந்தது. "சூப்பர்வைசரு ஓவர்டைம் பாக்கறியான்னு வேற கேட்டுக்கினே கீறாரு. அப்ப போவட்டா?"

பெரியப்பா நாற்காலிக் கையை இரண்டு முறை தட்டினார். பஸ்ஸின் தகரத்தில் தட்டுகிற மாதிரி. ரைட், போகலாம் என்று அர்த்தம். எல்லோரும் சிரித்தார்கள். பிறகு அவர் என் பக்கம் திரும்பினார். பாராட்டப் போகிறார் என்று நினைத்துக்கொண்டு நான் நின்றேன். அவர் என் தலையில் கை வைத்து, கொஞ்ச நேரம் எடுக்காமல் வைத்திருந்தார்.

அதற்குப் பிறகு எட்டு மாதங்கள் உயிரோடு இருந்தார். நோய் நுரையீரலுக்குப் போய்விட்டது. கடைசி மூன்று வாரம் ஆஸ்பத்திரியில், எல்லோரும் சுற்றி இருந்தோம். அந்தப் புத்தகத்தைப் பெரியம்மா சாமி படத்துக்குப் பக்கத்தில் வைத்தாள். யார் வந்தாலும் எடுத்துக் காட்டுவாள். இரண்டு வருடங்களுக்கு முன்பு என் மகனிடம் காட்டி, "ஒங்க தாத்தாவுக்குப் பயம்னா இன்னான்னே தெரியாது" என்றாள். அன்று எனக்குத் தாங்கவில்லை. பையனை வெளியே அனுப்பிவிட்டு நான் செய்ததைச் சொன்னேன். அந்தப் பத்தியையும் சொன்னேன், அவர் எழுதியபடியே.

பெரியம்மா என்னைத் திட்டவில்லை. "இன்னொரு வாட்டி சொல்லு" என்றாள். சொன்னேன். மூன்றாம் முறையும் கேட்டாள். 'வூட்டுக்காரி' என்ற இடத்தில் கையைக் காட்டி நிறுத்தினாள்.

"என்னைத்தான் சொல்லிக்கீறாரு" என்றாள். பிறகு, "அதான் பஸ்ல சுத்திக்கினே இருந்தாரா" என்றாள்.

அவள் சொல்லும்வரை எனக்கும் அது புரிந்திருக்கவில்லை.

பெரியம்மா ஓவர்டைம் போக ஆரம்பித்த அந்த வாரத்திலிருந்து பெரியப்பா காலை பத்து மணிக்கு வீட்டைப் பூட்டிக்கொண்டு சைதாப்பேட்டை பஸ் ஸ்டாண்டுக்குப் போனார். ஊழியர் பாஸ் இருந்தது. பழைய கூட்டாளிகளின் வண்டியில் ஏறிப் பட்டினப்பாக்கம் வரை போய்த் திரும்புவார். மறுபடி போவார். நாலு மணிக்கு என் பள்ளி வாசலில் வந்து நிற்பார். வேலை ரத்தத்தில் ஊறிவிட்டது என்றார் அப்பா. நாங்கள் எல்லோரும் அதைச் சொல்லிச் சொல்லிச் சந்தோஷப்பட்டோம்.

அரையாண்டுப் பரீட்சை லீவில் ஒருநாள் என்னையும் கூட்டிப்போனார். நந்தனம் தாண்டும்வரை நல்ல கூட்டம். நாங்கள் பின்னால் கண்டக்டர் பக்கத்தில் இருந்தோம். லஸ் ஸ்டாப்பில் பாதிப் பேர் இறங்கினார்கள். எங்கள் சீட்டில் கூட இருந்தவர் இறங்கியதும் பெரியப்பா எழுந்து என்னை இழுத்துக்கொண்டு முன்வரிசையில் ஆள் உட்கார்ந்திருந்த ஒரு சீட்டுக்குப் போய் உட்கார்ந்தார். மயிலாப்பூர் குளம் ஸ்டாப்பில் அங்கேயும் காலியானது. மறுபடி எழுந்தார். ஒரு பூக்காரம்மாவும் கூடையும் இருந்த சீட்டுக்குப் பக்கத்துச் சீட்டில், ஏற்கெனவே ஒரு பெரியவர் இருந்த இடத்தில் நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தோம். எனக்கு எரிச்சலாக வந்தது.

"ஜன்னல் சீட்டு இத்தினி காலியா கீது. ஏன் பெரிப்பா இங்க வந்து நெருக்கிக்கினு உக்கார்ற?"

அவர் நோட்டை எடுத்து எழுதினார். நான் வழக்கம்போல எல்லோருக்கும் கேட்கும்படி படித்தேன்: "ஆளுங்களோட இருந்தா நல்லா கீது."

கண்டக்டர் சிரித்தார். "கண்டக்டர் புத்தி போவுமா? கூட்டத்த பாத்தாதான் அவருக்கு மனசு ரொம்பும்" என்றார். பூக்காரம்மா சிரித்தார், பெரியவர் சிரித்தார். பெரியப்பாவும் சத்தமில்லாமல் சிரித்தார். எல்லோரையும்விட நான்தான் அதிகமாகச் சிரித்தேன்.

பிறகு நான் அவர் பிடித்திருந்த என் கையை விடுவித்துக்கொண்டு மூன்று வரிசை தள்ளி ஒரு ஜன்னல் சீட்டில் போய் உட்கார்ந்தேன். திரும்பிப் பார்த்தபோது, நான் எழுந்துவந்த இடத்தின் மேல் அவர் உள்ளங்கையை விரித்து வைத்திருந்தார், என்னையே பார்த்தபடி. எனக்காக இடம் பிடித்து வைத்திருக்கிறார் என்று நினைத்துக் கையாட்டிவிட்டு, வெளியே கடல் தெரிய ஆரம்பித்துவிட்டதா என்று பார்க்கத் திரும்பிக்கொண்டேன்.