ஆறு வோல்ட் மின்குமிழ்

எங்கள் பாடசாலையில் இருப்பது ஒரேயொரு பழைய நுணுக்குக்காட்டி. அதன் அடியிலுள்ள சின்ன மின்குமிழ் கருகிவிட்டது.

"திங்கக்கிழமைக்குள்ள எரியாட்டி கல்விக் கந்தோர் களஞ்சியத்துக்குத் திருப்பி அனுப்பிருவன் டீச்சர்" என்றார் அதிபர். கடிதமும் தயாராக இருந்தது. போனால் திரும்பி வராது. ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு வெங்காயத் தோலின் கலங்களைக் காட்டுவதாக நான் சொல்லியிருந்தேன்.

"நான் பாக்கிறன் சேர்" என்றேன். எங்கள் வீட்டிலிருந்து முதன்முதலில் பள்ளிக்கூடம் போனவள் நான். தெரியாது என்று சொல்ல எனக்கு எப்போதும் வாய் வருவதில்லை.

வியாழக்கிழமை பஸ் ஏறிப் புளியந்தீவுக் கடைத்தெருவுக்குப் போனேன். மூன்றாவது கடையில், மோட்டார் சைக்கிள் உதிரிப்பாகங்களுக்கு நடுவே, அதே அளவில், அதே பித்தளைக் கழுத்தோடு ஒன்று கிடைத்தது. மறுநாள் மாட்டிப் பார்த்தேன். பற்றவைத்த நுளம்புச் சுருளின் நுனி போலச் சிவந்து நின்றது, அவ்வளவுதான்.

பிறகுதான் பழைய குமிழின் கழுத்தைச் சவர்க்காரம் போட்டுத் துடைத்து, போன் கமெராவில் பெரிதாக்கிப் பார்த்தேன். ஆறு வோல்ட். நான் வாங்கியது பன்னிரண்டு. எழுத்துப் படித்த நான், வாசிக்காமல் உருவத்தைப் பார்த்து வாங்கியிருக்கிறேன்.

கடைக்காரருக்குப் போன் எடுத்தேன். "ஆறு வோல்ட்டா? அது அந்தக் காலத்து மோட்டார் சைக்கிளுக்கெல்லோ தங்கச்சி" என்று சிரித்தார்.

அந்தக் காலத்து மோட்டார் சைக்கிள் ஒன்று எங்கள் கதிரவெளி வீட்டு முற்றத்தில்தான் நின்றது. அப்பா மீன் பெட்டி கட்டி ஊர் ஊராகப் போவது அதில். ஞாயிற்றுக்கிழமை சிக்னல் விளக்கின் மூடியைக் கழற்றினேன். ஆறு வோல்ட், அதே கழுத்து.

"டீச்சர்மார் இப்ப களவும் எடுக்கிறாவோ?" என்றார் அப்பா, பின்னால் நின்று.

"பல்ப் ஒண்டு வேணும் அப்பா. பள்ளிக்கு."

"எடு மகள். அதப் போட்டு எத்தின வருசம். திரும்பேக்க நான் கையத்தானே நீட்டுறன்."

அத்தனை வருடம் எரியாத குமிழுக்கு உயிர் இருக்குமா?

திங்கட்கிழமை காலை, அதிபரின் முன்னால், குமிழை அமத்தித் திருகி சுவிச்சைப் போட்டேன். வெள்ளையாக எரிந்தது. வெங்காயத் தோல் ஒன்றை உரித்து வில்லைக்குக் கீழே வைத்தேன்.

அதிபர் குனிந்து நெடுநேரம் பார்த்தார். "வயல் வட்டைக்கு வரம்பு கட்டினாப்போல கிடக்கு டீச்சர்."

பிறகு களஞ்சியத்துக்கு எழுதிய கடிதத்தை நாலாக மடித்து, நுணுக்குக்காட்டி ஆடிய பக்கத்தில் அடியில் செருகி அண்டை கொடுத்தார்.