எல்லைக்கு அந்தப்பக்கம் வாங்கிய எம்.ஏ.

பாடம் நடத்துவதுதான் டீச்சர் வேலை என்று நம்பி இதில் சேர்ந்துவிடாதீர்கள். நான் படித்தேன் என்று ஆபீஸ் ஆபீஸாகப் போய்ச் சத்தியம் செய்வது இதில் பாதி வேலை. கூடுதலாக ஒரு பட்டம் வாங்கிவிட்டு, அதற்குரிய இன்கிரிமென்டுக்கு நாயாய் அலைந்தவர்களுக்கு என் வயிற்றெரிச்சல் புரியும். மற்றவர்கள் புண்ணியம் செய்தவர்கள்.

வெள்ளறடைக்குப் பக்கத்தில் ஒரு தனியார் பள்ளியில் நான் தமிழ் டீச்சர். சம்பளம் கேரள சர்க்கார் கொடுக்கும். வேலை பார்த்துக்கொண்டே படித்து, நாகர்கோவிலில் போய்ப் பரீட்சை எழுதி எம்.ஏ. பாஸானேன். எம்.ஏ. இருந்தால் இரண்டு இன்கிரிமென்ட் கூடுதல் உண்டு. அது வந்ததும் தங்கை ரோசிலியைக் காலேஜில் சேர்ப்பதாக வாக்குக் கொடுத்திருந்தேன். அப்பாவின் கூலியில் அது நடக்கிற காரியமில்லை.

பத்து செண்டு

விண்ணப்பத்தில் முதல் கையெழுத்து பள்ளி மானேஜருடையது. ஒருகாலத்தில் ஊரில் பாதி அவர் குடும்பத்து நிலம். நிலச்சட்டம் வந்தபோது, அவர் தென்னை விளையில் குடிசை போட்டிருந்த எங்கள் அப்பாவுக்கு, குடியிருப்போருக்கான குடிகிடப்பு உரிமையாகப் பத்து செண்டு நிலம் கிடைத்தது. அதை மனிதர் மறக்கவேயில்லை. என் இன்கிரிமென்டில் ஒரு பைசாகூட அவர் பெட்டியிலிருந்து போகாது. ஆனாலும் ஓணம் கழியும்வரை பேனாவைத் திறக்கவில்லை. கடைசியில் கையெழுத்தைப் போட்டுவிட்டு, உட்கார்ந்திருந்த நாற்காலியின் கையைத் தட்டியபடி என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "அப்பனுக்குப் பூமி வேணும், மகளுக்கு எம்.ஏ. வேணும். இனி எனக்க கசேரியும் வேணுமா பிள்ளே?"

வேறு மாநிலம்

நெய்யாற்றின்கரை ஆபீஸில் கிளார்க் என் சான்றிதழை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். வேறு மாநிலத்துப் பட்டமாம். இங்குள்ள பட்டத்துக்கு அது சமம்தான் என்று சான்று வாங்கி வரவேண்டுமாம். எங்கள் ஊரில் பெண் எடுத்ததும் கொடுத்ததும் பாதிக்குமேல் எல்லையிலுள்ள களியக்காவிளைக்கு அந்தப்பக்கம்தான். அந்தக் கல்யாணங்களுக்கு யாரும் சமச் சான்று கேட்டதில்லை.

என்னோடு விண்ணப்பித்த கணக்கு டீச்சருக்கு இந்தப்பக்கத்துப் பட்டம், உடனே உத்தரவு வந்துவிட்டது. அதைச் சொல்லி நான் சண்டை போட்டபோது, கிளார்க் நிஜமாகவே தெரிந்துகொள்ள விரும்புகிறவர்போலக் கேட்டார்: "அல்ல டீச்சரே, தமிழு படிக்கதுக்கு எதுக்கு தமிழ்நாட்டுக்குப் போனிய?"

கையெழுத்துக்குத் தகுதி

சமச் சான்றுக்கு நான் படித்த பாடத்திட்டம் முழுவதையும் மலையாளத்தில் கொடுக்கவேண்டும் என்றார்கள். ராத்திரியும் பகலும் உட்கார்ந்து, யாப்பும் அணியும்வரை மலையாளத்தில் பெயர்த்து, கீழே கையெழுத்திட்டுக் கொடுத்தேன். திரும்பி வந்தது. தமிழில் எம்.ஏ. உள்ளவர் பெயர்த்திருந்தால்தான் செல்லுமாம். அந்த வட்டாரத்தில் தமிழ் எம்.ஏ. நான் ஒருத்திதான், என் எம்.ஏ.வைத்தானே அவர்கள் ஏற்கவில்லை! மேஜையைத் தட்டிக் கத்திவிட்டேன். சூப்பிரண்டு கோபப்படவில்லை, நாற்காலியைக் காட்டி உட்காரச் சொன்னார். "டீச்சருக்க எம்.ஏ. முதல்ல சரியாவட்டே. பின்ன டீச்சருக்க கையெழுத்தே போதும்."

அமரவிளையில் ஒரு ஆறுதல்

திருவனந்தபுரத்திலேயே தமிழ் எம்.ஏ. படித்து ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவரைத் தேடிப்பிடித்துக் கையெழுத்து வாங்கி, துணைக்கு வந்த ரோசிலியோடு திரும்பும்போது, அமரவிளையில் பஸ் நின்றது. ஷார்ஜாவிலிருந்து லீவில் வந்த செல்வன் ஏறினான். என்னிடம் படித்தவன், பத்தாம் வகுப்பில் திரும்பத் திரும்பத் தோற்றவன். கையில் புது வாட்ச். பாவம், ஆறுதல் சொல்வதாக நினைத்துத்தான் சொன்னான்: "நான் தோத்த சர்டிபிகேட்டை அங்க ஆரும் கேக்கல்ல டீச்சரே. நீங்க ஜெயிச்சதுக்குல்லா இங்க கேள்வி."

உத்தரவு

ஒருவழியாக உத்தரவு வந்தது. எம்.ஏ. பாஸான நாளிலிருந்து இல்லை, உத்தரவு எழுதிய நாளிலிருந்துதான் இன்கிரிமென்டாம். இடையில் போன வருஷங்கள் காற்றோடு போயின. ரோசிலியோடு பள்ளியில் படித்தவர்கள் டிகிரியே முடித்துவிட்டார்கள். போகட்டும், இந்த வருஷமாவது சேர்ந்துவிடு என்று அவளிடம் சொன்னேன். அவள் மரச்சீனிக் கிழங்கு தோலுரித்துக்கொண்டிருந்தாள். குவைத்தில் ஒரு வீட்டில் வேலைக்கு ஏற்பாடாகி, பாஸ்போர்ட்டும் வந்துவிட்டது என்று அப்போதுதான் சொன்னாள். நான் அழுதேன், திட்டினேன். அவள் கத்தியைக் கீழே வைக்கவில்லை. "நீ எம்.ஏ. படிச்ச நாளைவிட, படிச்சேன்னு சொல்லி நடந்த நாளாக்கும் கூடுதல். எனக்கு அவ்வளவு ஆயுசு இல்லக்கா."

சர்க்கார் கணக்கில் நான் இப்போது அசல் எம்.ஏ., இரண்டு இன்கிரிமென்டும் மாதம் தவறாமல் வருகிறது, அதில் படிக்கவேண்டியவள் குவைத்தில் பாத்திரம் கழுவுகிறாள்.